மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது

பொய்யைக் கண்டுபிடிப்பதையே பிழைப்பாக வைத்திருந்தவன் தானே ஒரு பொய் சொல்லப் புறப்பட்டால், அவனைப் போலக் கேவலமாக வேறு யாராலும் பொய் சொல்ல முடியாது. இதை அனுபவத்தில் சொல்கிறேன். முப்பத்திரண்டு வருடம் ஒரு அரசு நிறுவனத்தின் கொல்கத்தா அலுவலகத்தில் கண்காணிப்புப் பிரிவில் இருந்தேன். போலிச் சான்றிதழ், திருத்திய பிறந்த தேதி, வராத காய்ச்சலுக்கு எடுத்த விடுப்பு எல்லாவற்றையும் காகிதத்தைக் கையில் வாங்கும்போதே மோப்பம் பிடித்துவிடுவேன் (என்று நானே எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன்). எழுபத்தாறாவது வயதில் முதன்முறையாக ஒரு பொய் விண்ணப்பம் போட்டேன். பத்து நிமிடம்கூடத் தாங்கவில்லை.

அந்தக் கதையை எங்கள் வீட்டில் இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள். நானும் கூடவே சிரிக்கிறேன். ஆனால் அந்தக் கதைக்குள் பதினேழு நாட்கள் இருக்கின்றன. அவற்றை யாரும் சொல்வதில்லை. நான் சொல்லாவிட்டால் வேறு யாரும் சொல்லவும் மாட்டார்கள்.

என் மனைவியின் பெயர் விஜயா. அம்பாசமுத்திரத்திலிருந்து கல்யாணமாகி பாலிகஞ்ச் வந்தவள். கொல்கத்தாவில் நாற்பது வருடத்துக்கு மேல் இருந்தும் பேச்சில் தாமிரபரணித் தண்ணீர் வற்றவில்லை. அவளுக்குக் கர்ப்பப்பையில் புற்றுநோய் வந்தது. கீமோ, கதிர்வீச்சு எல்லாம் முடிந்து ஒரு வருடம் நன்றாக இருந்தாள். பிறகு அது இடுப்பு நரம்புகளைப் பிடித்துக்கொண்டு திரும்பி வந்தது. இனி வலியைக் குறைப்பதுதான் வைத்தியம் என்று சொல்லிவிட்டார்கள். ஆஸ்பத்திரியில் கொடுத்த மாத்திரையைக் கூட்டினால் வாந்தி, குறைத்தால் வலி. வலிக்கென்றே இருந்த டாக்டர் ஒருநாள் என்னைத் தனியாக அழைத்து, கஞ்சா இலையிலிருந்து எடுக்கும் மருந்து ஆயுர்வேதத்தில் இருக்கிறது, பதிவு பெற்ற வைத்தியர் சீட்டு எழுதினால் சட்டப்படி வாங்கலாம், இதற்கென்றே வீடியோவில் பார்க்கும் கிளினிக்குகள் இருக்கின்றன, இந்த மாத்திரைகளோடு சேர்த்துக் கொடுத்துப் பார்ப்பதில் தனக்கு ஆட்சேபம் இல்லை என்றார்.

புனேயில் இருக்கும் என் மகள் மீனா அன்று மாலையே ஒரு கிளினிக்கைக் கண்டுபிடித்துவிட்டாள்.

"லீகல்ப்பா. லைசென்ஸ் இருக்கிற மருந்து. அம்மா வீடியோவில வந்து டாக்டர்கிட்ட பேசணும், அவ்ளோதான்."

"பார்க்கலாம்" என்றேன்.

என் அலுவலகத்தில் 'பார்க்கலாம்' என்றால் கோப்பு அலமாரிக்குப் போகிறது என்று அர்த்தம். ஒன்பது நாள் பார்த்தேன். கஞ்சா என்ற சொல் எனக்குத் தொண்டையில் மாட்டிக்கொண்டது. எங்கள் கட்டடத்தில் என்னைப் பற்றி ஒரு மரியாதை உண்டு. பூஜைக் கமிட்டியில் ஏதாவது தகராறு வந்தால் 'மூன்றாவது மாடி மதராஸி தாதாவைக் கேளுங்கள்' என்பார்கள் (தாதா என்றால் இங்கே அண்ணன்). அந்த தாதா வீட்டுக்குக் கஞ்சா பார்சல் வருவதா? அதைவிட, எங்கோ ஒரு கணினியில் கஞ்சா வாங்குவோர் பட்டியலில் என் மனைவியின் பெயர் ஏறுவதா? நாளைக்கே போலீஸ் வந்து விஜயா யார் என்று கேட்டால்? (போலீஸ் ஏன் வரப்போகிறது என்று என்னை நானே கேட்டுக்கொள்ளவில்லை. கேட்டிருந்தால் பதில் தெரிந்திருக்கும்.)

பத்தாம் நாள் மத்தியானம் அவள் துண்டைச் சுருட்டிப் பல்லில் கடித்துக்கொண்டு படுத்திருப்பதைப் பார்த்தேன். என்னைப் பார்த்ததும் துண்டை எடுத்து முகம் துடைப்பதுபோல் துடைத்தாள். அப்போதுதான் ஒரு யோசனை தோன்றியது. மகா யோசனை. நோயாளியாக நானே போய்விடுவது. மருந்து என் பெயரில் வரட்டும், அவளுக்குக் கொடுத்துவிடலாம். அவள் பெயர் சுத்தமாக இருக்கும். இதில் ஒரு தியாகம் வேறு இருப்பதாக நினைத்து எனக்கு நானே மெய்சிலிர்த்துக்கொண்டேன்.

விண்ணப்பத்தில் என் பெயர், என் வயது, என் அடையாள அட்டை எல்லாம் போட்டேன். நோயின் அறிக்கையை இணைக்கவும் என்று ஒரு கட்டம் வந்தது. என் பெயரில் இருந்ததெல்லாம் ரத்தக்கொதிப்புச் சீட்டும் காதில் அழுக்கு எடுத்த சீட்டும்தான். ஆகவே விஜயாவின் ஸ்கேன் அறிக்கையை எடுத்தேன். அவள் பெயர் மேல் என் கட்டைவிரலை வைத்தேன். 'பெண்' என்று இருந்த இடத்தில் சுண்டுவிரலை வைத்தேன். மற்ற கையால் போட்டோ பிடித்து அனுப்பினேன். என் பிரிவில் வேறு யாராவது இதைச் செய்திருந்தால் ஒவ்வொரு விரலுக்கும் தனித்தனி மெமோ கொடுத்திருப்பேன். அறிக்கையின் உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று மறுபடி படிக்கத் தோன்றவில்லை. அதை ஒருமுறை படித்ததே எனக்குப் போதுமாக இருந்தது.

கஞ்சாவை எந்த வடிவத்திலாவது இதற்கு முன் உட்கொண்டது உண்டா என்று கடைசியில் ஒரு கேள்வி. இல்லை என்று குறித்ததோடு நிற்காமல், பக்கத்தில் 'ஒருபோதும் இல்லை' என்று யாரும் கேட்காமலே எழுதி வைத்தேன்.

டாக்டர் பேசுவதை யாரும் கேட்டுவிடக் கூடாதே என்று கரியாஹாட் நடைபாதைக் கடையில் ஒரு இயர்போன் வாங்கி வந்தேன். அதில் வலது பக்கம் மட்டும்தான் வேலை செய்தது. எனக்கோ இடது காது மட்டும்தான் கேட்கும். வலதை இடதில் மாட்டியதில் ஒயர் தாடையைச் சுற்றிக்கொண்டு, திரையில் பல்வலிக்காரனைப் போலத் தெரிந்தேன். இன்னொன்றையும் நான் யோசிக்கவில்லை. காதை அடைத்துக்கொண்டால் நான் கத்துவேன். காலை பதினோரு மணி, ஜன்னல்கள் திறந்திருந்தன, கீழே பூஜைப் பந்தலுக்கு மூங்கில் கட்டிக்கொண்டிருந்தார்கள். விஜயா பக்கத்து அறையில் படுத்திருந்தாள்.

டாக்டர் வடக்கத்திப் பெண். என் மகள் வயதுதான் இருக்கும். வலி எப்படி இருக்கிறது என்று ஆங்கிலத்தில் பொறுமையாகக் கேட்டாள். இடுப்பிலிருந்து முழங்கால் வரைக்கும் ஈயத்தைக் காய்ச்சி ஊற்றினதுபோல் இருக்கிறது, உட்கார்ந்தால் ஒரு வலி, படுத்தால் வேறு வலி, உலை கொதிக்கும் சத்தம் கேட்டால்கூடக் கூடுகிறது என்று விஜயா சொன்னதையெல்லாம் ஒப்பித்தேன். டாக்டர் எழுதிக்கொண்டே வந்தவள், அறிக்கையைத் திறந்து பார்த்துவிட்டு நிறுத்தினாள். ஏதோ கேட்டாள். எனக்கு 'அட்ரஸ்' என்று விழுந்தது. இது உங்களுடைய அட்ரஸ்தானா என்று கேட்கிறாள். கண்காணிப்புப் பிரிவில் நாங்களும் முதலில் முகவரியைத்தான் சரிபார்ப்போம். கெட்டிக்காரப் பெண் என்று நினைத்துக்கொண்டேன்.

"எஸ் எஸ், மை ஓன்" என்றேன் பலமாக. "ஃபார்ட்டி இயர்ஸ். ஃபர்ஸ்ட் ரெண்ட்டட், தென் ஐ பாட் இட். தேர்ட் ஃப்ளோர். நோ லிஃப்ட்."

அவள் அறிக்கையை இன்னொரு முறை பார்த்தாள். பிறகு அதையே மெதுவாக மறுபடி கேட்டாள். விவரம் போதவில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன்.

"சவுத் ஃபேஸிங். வெரி குட் வெண்டிலேஷன்."

கொல்கத்தாவில் தெற்குப் பார்த்த வீடு என்றால் அதற்கு மேல் ஒரு தகுதி தேவையில்லை. ஆனால் டாக்டரின் முகத்தில் எந்த மரியாதையும் தோன்றவில்லை. அவள் குனிந்து எதையோ தட்டினாள். திரையின் ஓரத்தில் ஒரு சொல் வந்து நின்றது. மூக்குக் கண்ணாடியைத் தூக்கிவிட்டு உரக்கப் படித்தேன். யூட்டரஸ். கர்ப்பப்பை. அது உங்களுடையதா என்றுதான் அவள் இரண்டு முறை கேட்டிருக்கிறாள்.

கீழே மூங்கில் கட்டும் சத்தம் நின்றுபோயிருந்தது. (அது என்னால் அல்ல, டீ வந்ததால் என்று இன்றுவரை நம்பி வருகிறேன்.)

என் மனைவியுடைய அறிக்கை என்று ஒப்புக்கொண்டேன். டாக்டர் கோபப்படவில்லை. ஒருவரின் நோய்க்கு இன்னொருவருக்குச் சீட்டு எழுத முடியாது, இந்த விண்ணப்பத்தை மூட வேண்டும், பொய்த் தகவல் வந்த எண்ணிலிருந்தும் முகவரியிலிருந்தும் மறுபடி விண்ணப்பித்தால் எல்லாவற்றையும் சரிபார்த்த பிறகுதான் நேரம் தருவார்கள் என்றாள். அந்த விதியை நான் எழுதியிருந்தால் இன்னும் கடுமையாக எழுதியிருப்பேன். இணைப்பைத் துண்டிப்பதற்கு முன் அவள் கேட்டது மட்டும் எனக்குத் தெளிவாகக் கேட்டது. அவர் எங்கே இருக்கிறார் என்றாள். பக்கத்து அறையில் என்றேன். அவரை அழைத்து வந்து உட்காரவைத்திருந்தால் இன்றைக்கே எழுதியிருப்பேனே, சார் என்றாள்.

நான் ஒயரைத் தாடையிலிருந்து பிரித்துக்கொண்டிருக்கும்போதே வாசல்மணி அடித்தது. எதிர் ஃப்ளாட் சாட்டர்ஜி பௌதி. பௌதி என்றால் அண்ணி. என்னைவிட இரண்டு வயது இளையவர், ஆனாலும் எனக்கு பௌதி, அவருக்கு நான் தாதா. அவர் முகம் வெளிறியிருந்தது.

"தாதா, ஃப்ளாட்டை விற்கிறீர்களா? எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?" என்றார் ஹிந்தியும் வங்காளமுமாக.

பக்கத்து அறையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. நான் பதறி ஓடினேன். விஜயா சிரித்துக்கொண்டிருந்தாள். சிரித்தால் இடுப்பு வலிக்கிறது, ஆனாலும் நிறுத்த முடியவில்லை. கண்ணில் தண்ணீர் வழிந்தது. அதில் எவ்வளவு சிரிப்பு, எவ்வளவு வலி என்று எனக்குத் தெரியவில்லை.

"என்னங்க பண்ணுதீங்க? என் கர்ப்பப்பைக்குத் தெக்குப் பார்த்த வாசலா?"

இரண்டு பெண்களுக்கும் முன்னால் எல்லாவற்றையும் சொன்னேன். கஞ்சா என்ற சொல்லை மட்டும் குரலைத் தாழ்த்திச் சொன்னேன். பௌதி முழித்தார். கஞ்சாவா, நம்ம ஷித்திதானே, அதற்கா இவ்வளவு, ஒவ்வொரு பிஜயாவுக்கும் நீங்கள் ஒரு கிளாஸ் நிறையக் குடிப்பீர்களே என்றார்.

இதை விளக்க வேண்டும். பூஜை முடிந்து துர்க்கையைக் கரைத்த அன்று வங்காளிகள் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு 'ஷுபோ பிஜயா' என்பார்கள். அன்று சாயங்காலம் பௌதி தவறாமல் எங்களுக்குப் பச்சை சாயலில் ஒரு பால் சர்பத் கொண்டுவருவார். பாதாம், மிளகு, சர்க்கரை எல்லாம் போட்டுத் தேவாமிர்தமாக இருக்கும். முதல் வருடம் இது என்ன என்று கேட்டேன். "ஷித்தி" என்றார். அவருடைய சித்தி செய்தது என்று எடுத்துக்கொண்டேன். நமக்காகத் தமிழ் முறைச்சொல்லைக் கற்றுக்கொண்டு சொல்கிறாரே என்று நெகிழ்ந்தும் போனேன். அது பாங்கு. கஞ்சா இலையை அரைத்துச் செய்வது. அதற்குத்தான் வங்காளத்தில் ஷித்தி என்று பெயர். நாற்பது வருடமாக ஒவ்வொரு பிஜயாவுக்கும் ஒரு கிளாஸ் நிறையக் குடித்துவிட்டு, "உங்கள் சித்தி சௌக்கியமா?" என்று விசாரித்திருக்கிறேன். பௌதியும், "இந்த வருடம் கொஞ்சம் காரம் தூக்கல்" என்று பதில் சொல்லியிருக்கிறார். வயதானால் குணம் அப்படித்தான் ஆகும் என்று நான் தலையாட்டியிருக்கிறேன்.

"உனக்குத் தெரியுமா?" என்று விஜயாவைக் கேட்டேன்.

"முத வருசமே தெரியும்."

"ஏன் சொல்லலை?"

அவள் சிரிப்பு அடங்கியிருந்தது.

"சொன்னா குடிக்க மாட்டீங்க. வருசத்துல அந்த ஒரு நாளுதான் நீங்க ஆபீசைப் பத்திப் பேசாம எங்கிட்ட சிரிச்சுப் பேசுவீங்க. அதைக் கெடுப்பானேன்னு விட்டுட்டேன்."

பௌதிக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அவர் எழுந்து, அடுப்பில் ஏதோ இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனார்.

நான் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து, உன் பெயர் அந்தப் பட்டியலில் வந்துவிடக் கூடாது என்றுதான் இப்படிச் செய்தேன் என்றேன். அவள் கிளினிக் அனுப்பிய தாளைத் தன் செல்போனில் திறந்து எனக்குக் காட்டினாள். மீனா எப்போதோ அவளுக்கு அனுப்பிவைத்திருக்கிறாள். ஒன்பது நாளாக அதைப் படித்துக்கொண்டு, நான் எப்போது பேச்செடுப்பேன் என்று காத்திருந்திருக்கிறாள். ஆயுர்வேதத்தில் கஞ்சாவுக்கு உள்ள பெயர் அந்தத் தாளின் தலைப்பிலேயே இருந்தது. விஜயா.

"எம் பேருதாங்க அது" என்றாள்.

அதன் பிறகு பதினேழு நாள். சரிபார்ப்புக்கே பத்து நாள். பஞ்சமி அன்று அவளுக்கு நேரம் கொடுத்தார்கள். தலையணைகளை அண்டக் கொடுத்து உட்காரவைத்தேன், அதே டாக்டர், ஐந்து நிமிடத்தில் எழுதிவிட்டாள். நோயாளி: விஜயா. மருந்து: விஜயா. "என்னையே எனக்கு எழுதிக் கொடுத்திருக்கா" என்றாள் இவள். ஆனால் மறுநாள் சஷ்டி. பூஜை வந்துவிட்டது. கூரியர் அலுவலகங்கள் சாத்திவிட்டன, தெருவெல்லாம் பந்தலால் அடைத்துக் கிடந்தது, மருந்து எங்கோ ஒரு கிடங்கில் கிடந்தது.

கீழே டாக் மேளம் அடிக்கும் ஒவ்வொரு அடிக்கும் அவள் கால் விரல்கள் மடங்குவதைப் பார்த்தேன். அந்த நாட்களில் பூஜைக்கு வந்தவர்கள், போனவர்கள் எல்லோருக்கும் அவள் என் கதையைச் சொன்னாள். சொல்லி முடித்துவிட்டு என் பக்கம் திரும்பி, "அட்ரஸ் எப்படிங்க இருக்கு?" என்பாள். நான், "கொஞ்சம் வலி இருக்கு. ஆனா தெக்குப் பார்த்தது" என்று சொல்ல வேண்டும். எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அவர்கள் என்னைப் பார்த்துச் சிரிக்கும்போது போர்வைக்குள் அவள் கை கட்டில் சட்டத்தை இறுக்கிப் பிடித்திருக்கும். அந்தக் கையை அவர்கள் பார்த்துவிடக் கூடாது என்பதற்காகத்தான் என்னைக் காட்டிக்கொண்டிருக்கிறாள் என்று எனக்கு அஷ்டமி அன்றுதான் புரிந்தது.

அப்போது எனக்கு ஒருவர் ஞாபகம் வந்தார். எங்கள் அலுவலகத்துக் குமாஸ்தா. அவருடைய மனைவி படுத்த படுக்கையாக இருந்தாள். சொந்த நோய்க்கு மட்டும்தான் அந்த விடுப்பு உண்டு என்பதால், அவள் நோயைத் தன் நோய் என்று எழுதி விடுப்பு வாங்கியிருந்தார். நான்தான் கண்டுபிடித்தேன். 'நோக்கம் எதுவாயினும் பொய் பொய்யே' என்று அறிக்கையில் எழுதினேன். அந்த வரிக்காக மேலதிகாரி என்னைப் பாராட்டினார். குமாஸ்தாவின் பெயர் இன்னும் நினைவிருக்கிறது. ஆனால் அவர் மனைவி பிழைத்தாளா என்று நான் கேட்டதே இல்லை.

பிஜயா அன்று பௌதி வழக்கம்போல சர்பத் கொண்டுவந்தார். விஜயாவுக்குக் கொடுக்கக் கூடாது, சீட்டில் எழுதிய மருந்து வரும்வரை வேறு எதுவும் வேண்டாம் என்று டாக்டர் சொல்லியிருந்தாள். "நீங்க குடிங்க" என்றாள் விஜயா. நான் மாட்டேன் என்றேன். என் தலையில் நானே சுமத்திக்கொண்ட தண்டனை அது. அதில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. அவள் மறுபடி, "ஒரு கிளாஸ் குடிச்சாத்தான் என்ன?" என்றாள். நான் அசையவில்லை. அவளுக்கு அது கடைசி பிஜயா என்று எனக்குத் தெரியாது என்று சொல்லித் தப்பிக்க முடியாது. தெரியும். வருடத்தில் ஒரே ஒரு சாயங்காலம் என்று அவள் வாய்விட்டுச் சொன்ன பிறகும், அந்தச் சாயங்காலத்தைக் கொடுக்காமல் விறைப்பாக உட்கார்ந்திருந்தேன்.

அதற்கு இரண்டு நாள் கழித்து மருந்து வந்தது. சின்ன பாட்டில். நாக்குக்கு அடியில் சில சொட்டுகள். அது அற்புதம் ஒன்றும் செய்யவில்லை. வலி போகவில்லை, சற்றுத் தள்ளி உட்கார்ந்துகொண்டது. முதல் வாரத்திலேயே மத்தியானங்களில் தூங்கினாள். இரண்டு இட்லி சாப்பிட்டாள். ஜன்னல் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டு, பந்தல் மூங்கில்களைப் பிரித்து வண்டியில் ஏற்றுவதை வேடிக்கை பார்த்தாள். அவள் தூங்குவதைப் பார்த்துக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். நான் 'பார்க்கலாம்' என்ற ஒன்பது நாளிலும், விரலால் மறைத்த பதினேழு நாளிலும் இப்படித் தூங்கியிருக்கலாமே என்று தோன்றும். மாசி மாதம், ஒரு காலைப் பொழுதில் போய்விட்டாள். தூக்கத்தில்தான் போனாள். டாக்டர் பெண்ணுக்கு மீனா தகவல் அனுப்பினாள். அவள் என் மகளுக்கு ஆறுதல் சொல்லி எழுதிவிட்டு, கடைசியில் சாரைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஒரு வரி சேர்த்திருந்தாள்.

இந்த வருடம் பிஜயா அன்று பௌதி இரண்டு கிளாஸ் கொண்டுவந்தார். எப்போதும் கொண்டுவருவதுபோல, கை பழக்கத்தில். வாசலில் நின்ற பிறகுதான் அவருக்கே தெரிந்தது. ஒன்றைத் திருப்பி எடுத்துப் போகப் பார்த்தார். நான் இரண்டையும் வாங்கிக்கொண்டேன். "சித்தி சௌக்கியமா?" என்று கேட்டேன். அவர் புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, சௌக்கியம்தான், காரம் கொஞ்சம் தூக்கல் என்றார்.

குடித்துவிட்டு மீனாவுக்குப் போன் செய்தேன். அவள் அம்மா சொன்னது உண்மைதான். ஆபீசைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவள் பிறந்த அன்று கொட்டிய மழை, அவள் அம்மா சாந்த்ராகாச்சியில் ரயில் மாறத் தெரியாமல் வேறு வண்டியில் ஏறி உட்கார்ந்துகொண்டது என்று ஏதேதோ சொல்லிச் சிரித்தேன். மீனாவும் சிரித்தாள். பேச்சு ஓய்ந்தபோது பழக்கத்தில் அவளும் கேட்டுவிட்டாள்.

"அட்ரஸ் எப்படிப்பா இருக்கு?"

"வலி இருக்கும்மா" என்றேன்.

அவள் மீதி வரிக்காகக் காத்திருந்தாள். எங்கள் வீட்டில் அது சேர்ந்தே வரும் வரி. விஜயாவின் கட்டில் கிடந்த இடத்தில் இப்போது ஒன்றும் இல்லாததால் தெற்குக் காற்று நேராக என் நாற்காலி வரைக்கும் வந்துகொண்டிருந்தது.

"ஆனா தெக்குப் பார்த்தது" என்றாள் மீனா, எனக்குப் பதிலாக.